மெட்டிப் பாட்டின் இரண்டாவது குரல்

கைப்பைக்குள் போன் அதிர்ந்துகொண்டே இருக்கிறது. எடுக்கக் கூடாது. எடுத்தால் பார்ப்பேன், பார்த்தால் மறுபடி அந்த ஒரு கமெண்டில் போய்த்தான் நிற்பேன், விடிந்ததிலிருந்து அதைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன், இன்னொரு தடவை படித்தால் வேறு மாதிரி இருந்துவிடும் என்று. பல் டாக்டரின் முன்னறையில் நாலைந்து பேர் உட்கார்ந்திருக்கிறார்கள், யாரும் என்னைப் பார்க்கவில்லை, முகக்கவசம் போட்டிருக்கிறேன், அதற்குள் இடது கன்னம் உப்பிக்கொண்டு கண்வரைக்கும் இழுக்கிறது. நேற்றுச் சாயங்காலம் பாட்டு வெளியானது, பல்லும் அதே நேரத்தில்தான் தெறிக்க ஆரம்பித்தது. இன்று சாயங்காலம் எஃப்எம்மில் நேரலைப் பேட்டி, வீங்கின வாயோடு எப்படிப் பேசுவது, அதற்காகத்தான் வந்தேன், ஆனால் இப்போது வீக்கம் வடியாமலே இருந்தால் என்ன என்று தோன்றுகிறது, வாயைத் திறக்க முடியவில்லை என்று சொல்லிவிடலாம், அவர்கள் கேட்கப்போவதைக் கேட்காமல் விட்டுவிடுவார்கள். முதலில் வந்ததெல்லாம் நல்லதாகத்தான் வந்தது. சூப்பர் என்றார்கள், எங்க ஊர் மினிபஸ் ஞாபகம் வந்துருச்சு என்றார்கள், ஒருவர் துபாயிலிருந்து, தன் பெண்டாட்டியும் மெட்டியைத் தொலைத்தவள் என்று எழுதியிருந்தார், படித்துச் சிரித்தேன், பல் வலியோடு சிரித்தேன். பிறகு ஒருத்தி, அக்கா எங்கே என்று கேட்டாள். அது வரும் என்று தெரியும். அதற்கு மனதைத் தயார் செய்து வைத்திருந்தேன். கனி இல்லாத பாட்டு பாட்டே இல்லை என்று ஒருவர், அதற்கும் தயாராகத்தான் இருந்தேன். ஆனால் காலையில் ஒருவர் எழுதியிருந்தார்: மேலே பாடுவது கனி அக்கா குரல்தானே, ஏன் அவங்க பேரைப் போடவில்லை? அதற்குக் கீழே இன்னொருவர்: அவங்கதான் ஆபரேஷனுக்கு அப்புறம் பாடுறதில்லையே, இது ஏஐ-யில செஞ்ச குரல், தங்கச்சியே அக்கா குரலைத் திருடியிருக்கா. அவ்வளவுதான். அதற்குக் கீழே நீளமாக ஒரு சண்டை ஓடிக்கொண்டிருக்கிறது, ஆயிரக்கணக்கான பேர் அந்தக் கமெண்டுக்குக் கட்டைவிரல் காட்டியிருக்கிறார்கள். இன்பா சாருக்குப் போன் போட்டேன், எடுக்கவில்லை, அவர் விடிய விடிய வேலை செய்துவிட்டு மத்தியானம்தான் எழுந்திருப்பார், இசையமைப்பாளர்கள் எல்லோரும் அப்படித்தான். மெசேஜ் அனுப்பினேன். சார், அந்த மேல் குரல் என்னுடையதுதானே? அனுப்பின பிறகு அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். பாடினவள் கேட்கிற கேள்வியா இது. என் குரலா என்று இன்னொருவரிடம் கேட்கிறேன்.

நான் எப்போதும் கீழே பாடுகிறவள். அக்கா மேலே. யாரும் முடிவு செய்து வைத்ததில்லை, சின்ன வயதில் சாத்தூரில் மேடையேறின முதல் நாளே அப்படி அமைந்துவிட்டது, அக்கா சண்முகக்கனி வாயைத் திறந்தால் குரல் மேலே போய்விடும், நான் பின்னாலேயே கீழ்ப்பக்கமாகப் போவேன். இரண்டு மைக், இடது பக்க மைக் எனக்கு. கோயில் கொடை விழாக்களில் ஜெனரேட்டர் சத்தத்துக்கு மேலே எங்கள் சத்தம் போக வேண்டும், போகும், அக்காவுடையது போகும், என்னுடையது அதற்கு அடியில் இருக்கும். ஜனங்கள் கைதட்டும்போது நான் அக்கா முகத்தைத்தான் பார்ப்பேன், நன்றாக வந்திருக்கிறதா என்று அவள் முகத்தில்தான் தெரியும். டிவியில் பாட்டுப் போட்டிக்கு வந்தபோது நடுவர் ஒருவர் என்னைத் தனியாகப் பாடச் சொன்னார், நான் இரண்டு வரி பாடிவிட்டு நின்றுவிட்டேன், மறக்கவில்லை, அடுத்த வரியில் அக்கா வரவேண்டிய இடம் வந்தது, அங்கே ஒன்றும் வரவில்லை, மாடியில் படி இருக்கிறது என்று காலை வைத்து இல்லாமல் போகிற மாதிரி. அதற்கப்புறம் அக்காவுக்குக் கழுத்தில் தைராய்டு கட்டி. ஆபரேஷன் முடிந்து மதுரை ஆஸ்பத்திரியில் கண் விழித்ததும் அவள் சொன்ன முதல் வார்த்தை தண்ணி, அது காற்றாகத்தான் வந்தது. பேச்சு வந்துவிட்டது பிறகு. பேச்சு மட்டும் வந்தது. மேலே போகிற அந்த இடம் போய்விட்டது, டாக்டர் பேசுவதற்கு ஒரு குறையும் இருக்காது என்று திருப்தியாகச் சொன்னார், அவர் தப்பாக ஒன்றும் சொல்லவில்லை. அக்கா வீட்டில் ஒரு தடவை பாடிப் பார்த்தாளாம், மச்சான் சொன்னார், பாத்ரூம் கதவைச் சாத்திக்கொண்டு, வெளியே வந்து சோறு பொங்கினாளாம். இன்பா சார் என்னைத் தனியாகப் பாடக் கேட்டபோது அக்காவிடம்தான் முதலில் சொன்னேன். பாடு, நீ பாடாம எதுக்கு இருக்க என்றாள். சந்தோஷமாகத்தான் சொன்னாள். அதற்குப் பிறகு போனில் பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை, பிள்ளைகள் பள்ளிக்கூடம் போனதைச் சொல்வாள், தண்ணி வராததைச் சொல்வாள், நானும் தண்ணி வராததைப் பற்றிப் பேசிவிட்டு வைத்துவிடுவேன். நேற்றிலிருந்து அவளிடமிருந்து ஒன்றும் இல்லை. பாட்டின் லிங்க்கை அனுப்பியிருந்தேன், பார்த்துவிட்டாள், இரண்டு நீலக் கோடு வந்துவிட்டது, பதில் இல்லை. என்ன நினைத்துக்கொண்டிருப்பாள். அந்தக் கமெண்டை அவளும் படித்திருப்பாள். பிள்ளைகள் படித்துக் காட்டியிருக்கும். கோமதி என்று கூப்பிட்டார்கள். யாரோ என்று உட்கார்ந்திருந்தேன், இரண்டாவது தடவை கூப்பிட்டதும்தான் அது நான் என்று உறைத்தது, சர்டிபிகேட்டில் கோமதி, வீட்டிலும் மேடையிலும்தான் பூமாரி, இந்த இடத்தில் நான் கோமதியாகவே இருந்துவிட்டுப் போகிறேன்.

நாற்காலி பின்னால் சாய்கிறது, தலை காலைவிடக் கீழே போகிற மாதிரி, விளக்கு நேராகக் கண்ணில். டாக்டர் வஹீதா சின்ன உருவம், குரல் அமைதியாக இருக்கிறது. பல்லுக்கு அடியில் சீழ் பிடித்திருக்கிறது, திறந்துவிட்டால் வீக்கம் வடிந்துவிடும், மரத்துப்போக ஊசி போடுகிறேன், வலித்தால் இடது கையைத் தூக்குங்கள், பேசக் கூடாது, தலையை ஆட்டக் கூடாது என்றார். நான் பாடுகிறவள் என்று சொல்ல நினைத்தேன், நாக்கில் ஒன்றும் ஆகிவிடாதே என்று கேட்க நினைத்தேன், அதற்குள் வாயைத் திறக்கச் சொல்லிவிட்டார். ஊசி உள்ளே போகும்போது தாடைக்குள் ஏதோ மின்சாரம் ஓடியது. பிறகு உதடு தடித்தது, நாக்கின் இடது பாதி இருக்கிறதா என்று தெரியவில்லை, பல்லில் தொட்டுப் பார்த்தேன், பல்லுக்கும் தெரியவில்லை. எல்லாம் போய்விட்டது என்று ஒரு நிமிஷம் நிஜமாகவே பயந்துவிட்டேன், இப்படியேதான் இனி, வாயில் பாதி கிடையாது, அக்காவுக்குக் கழுத்து எனக்கு வாய். மரத்துப்போவதற்குக் காத்திருக்கச் சொல்லிவிட்டு டாக்டர் பக்கத்து நாற்காலிக்குப் போனார். கண்ணை மூடினேன். ரெக்கார்டிங் அன்றைக்கு என்ன நடந்தது, ஒழுங்காக யோசி, முதலிலிருந்து யோசி. வளசரவாக்கம் ஸ்டுடியோ, ஏசிக் குளிர், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இன்பா சார். மினிபஸ்ஸே மினிபஸ்ஸே மெதுவாப் போயேன், மெட்டி ஒண்ணு கழண்டிருச்சு தேடிப் பாரேன், அது நன்றாகவே வந்தது, அவர் கையைத் தூக்கிக் காட்டினார். அடுத்தது அந்த வரி. யாரு கால்ல மிதிபடுதோ ஏ ராசாவே. அந்த ராசாவே மேலே போக வேண்டும், போய் அங்கேயே நின்று, சுற்றி இறங்க வேண்டும். நான் போனேன். பாதி வழியில் உடைந்துவிட்டது. மறுபடி போனேன், அதே இடத்தில் உடைந்தது. தண்ணி குடித்தேன், வெந்நீர் குடித்தேன், அவர் ஸ்ருதியைக் குறைத்துக் கொடுத்தார், குறைத்தால் முதல் பாதி செத்துப்போனது, மறுபடி ஏற்றினார். கடைசியில் ஹெட்போனில் அவர் குரல், பரவாயில்ல மேடம், இதுவரைக்கும் வந்ததே போதும், மத்ததை நான் பாத்துக்கறேன். நான் சரி என்றேன். என்ன பார்த்துக்கொள்வீர்கள் என்று கேட்கவில்லை. ஏதோ ட்யூனிங் இருக்கிறது என்று எல்லோரும் சொல்வார்கள், ஸ்ருதி விலகினால் மெஷின் சரி பண்ணிவிடும் என்பார்கள், எல்லாப் பாட்டிலும் பண்ணுவதுதான், அதுவாகத்தான் இருக்கும் என்று இருந்துவிட்டேன். முடித்த பாட்டை அவர் அனுப்பினபோது பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தேன், ஜன்னலோர சீட், காதில் மாட்டிக்கொண்டு கேட்டேன். அந்த இடம் வந்தது. ராசாவே மேலே போனது, நின்றது, சுற்றி இறங்கியது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. நானா என்று நினைத்தேன். நான்தான் என்று நினைத்துக்கொண்டேன். இத்தனை வருஷமும் எனக்குள் அது இருந்திருக்கிறது, அக்கா பக்கத்தில் நின்றதால் தெரியாமல் இருந்திருக்கிறது, மெஷின் கொஞ்சம் கைகொடுத்ததும் வந்துவிட்டது என்று. அன்றைக்கு இறங்க வேண்டிய ஸ்டாப்பைத் தாண்டிப் போய்விட்டேன். அதற்கப்புறம் குளிக்கும்போது, துணி மடிக்கும்போது எல்லாம் அந்த ராசாவே காதுக்குள் ஓடிக்கொண்டே இருக்கும், என்னுடையது என்று ஒரு சந்தோஷம், யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்த சந்தோஷம். ஆனால் வாயால் ஒரு தடவைகூடப் பாடிப் பார்க்கவில்லை. ஏன் பாடிப் பார்க்கவில்லை. பாடினால் உடையும் என்று தெரிந்துதானே பார்க்கவில்லை.

இப்ப மரத்துருச்சா என்று கேட்டுக்கொண்டு டாக்டர் வந்தார், கம்பியால் தட்டினார், எங்கோ தூரத்தில் தட்டுகிற மாதிரி இருந்தது. வாயில் ஒரு குழாயை மாட்டினார்கள், அது எச்சிலை உறிஞ்சிக்கொண்டு கொரகொரக்கிறது. குடைகிற மெஷின் பல்லில் பட்டதும் மண்டை முழுக்க அந்தச் சத்தம்தான். எஸ்தரம்மா என்று கூப்பிடுகிறார்களே, அந்த உதவியாள், ஐம்பது வயது இருக்கும், வெள்ளைக் கோட்டுப் போட்டுத் தலையில் பூ வைத்திருக்கிறார், அவர் என் தலைமாட்டில் நின்று குழாயைப் பிடித்துக்கொண்டார். டாக்டர் முனையை மாற்றுவதற்காக மெஷினை நிறுத்தினார். அப்போது எஸ்தரம்மா மெதுவாக, என் மகள் காலையில் ஒரு பாட்டு அனுப்பினாள் டாக்டர், காலையிலிருந்து வாயிலேயே வருது, பாட்டுப் போட்டால் பேஷண்ட்டுக்கும் பயம் தெரியாது என்று சொல்லிவிட்டு, போனை அலமாரி மேல் வைத்துத் தட்டினார். தவில் கேட்டவுடனேயே எனக்குத் தெரிந்துவிட்டது. வேண்டாம் என்று சொல்ல வாய் இல்லை. மினிபஸ்ஸே மினிபஸ்ஸே மெதுவாப் போயேன். மல்லாந்து படுத்து, வாயைப் பிளந்துகொண்டு, விளக்கைப் பார்த்துக்கொண்டு என்னையே கேட்டேன். நன்றாகத்தான் இருக்கிறது என்று ஒரு நினைப்பு வந்தது, கொஞ்சம் மெலிசாக இருக்கிறது, ஆனால் பரவாயில்லை, யாருக்கும் பயப்படாமல் பாடுகிற மாதிரிதான் இருக்கிறது. மெஷின் மறுபடி ஓடியது, பாட்டு அதற்குள் மூழ்கிவிட்டது, பல்லுக்குள் குடைகிற சத்தமும் தவிலும் ஒன்றாகிவிட்டன, இப்படியே இருந்துவிடட்டும், அந்த வரி முடிகிறவரை நிறுத்தாதீர்கள் டாக்டர் என்று வேண்டிக்கொண்டேன். நிறுத்திவிட்டார். வாய்க்குள் தண்ணி பீய்ச்சினார். சரியாக அந்த இடம். யாரு கால்ல மிதிபடுதோ ஏ ராசாவே. எஸ்தரம்மா சொன்னார், இதக் கேளுங்க டாக்டர், அக்காவும் தங்கச்சியும் பாடுறாங்க, பெரியவ வர்ற இடம் இது, டிவியில வருவாங்களே, என்ன இருந்தாலும் பெரியவ குரல்தான் குரல். டாக்டர், ஆமாம், நல்லாருக்கு என்றார், எங்கோ கவனமாக. நான் கேட்டேன். பஸ்ஸில் கேட்ட மாதிரி எனக்கு வேண்டியதைக் கேட்காமல், இந்தத் தடவை இருப்பதைக் கேட்டேன். ராசாவேயில் அந்த வே. இறங்கும்போது ஒரு நொடி பின்னால் இழுத்து விடுவாள் அக்கா, சின்ன வயதில் குளத்தங்கரையில் நின்று என்னைக் கூப்பிடும்போதும் அப்படித்தான் இழுப்பாள், பூமாரீஇ என்று, ஊரில் வேறு யாருக்கும் அது வராது, எனக்கு வராது, நான் எத்தனையோ தடவை செய்து பார்த்து வராமல் விட்டுவிட்டேன். அது அங்கே இருக்கிறது. என் பாட்டில் என் பேருக்குக் கீழே அக்கா நின்றுகொண்டு அவளுக்கே இப்போது எட்டாத இடத்தில் பாடிக்கொண்டிருக்கிறாள், அவளோ சாத்தூரில் சோறு பொங்கிக்கொண்டிருக்கிறாள். அப்படியானால் இங்கே பாடுவது யார்.  கண்ணிலிருந்து தண்ணி வழிந்து காதுக்குள் போனது. இடது கையைத் தூக்கினேன். டாக்டர் உடனே கையை எடுத்துவிட்டு, வலிக்குதாம்மா என்று கேட்டார். கையை இறக்கவில்லை. போனைக் காட்டினேன், அலமாரியைக் காட்டினேன், எஸ்தரம்மா, சத்தம் தொந்தரவா இருக்காம்மா என்று அவசரமாக எடுத்து அணைத்தார். டாக்டர் இன்னொரு ஊசி போட்டார். தேவையே இல்லை. தாடை முழுக்க, கழுத்துவரைக்கும் மரத்துப்போய்விட்டது இப்போது.

பல்லில் மருந்து வைத்து மூடி, பஞ்சைக் கடிக்கச் சொல்லி அனுப்பினார்கள், இரண்டு மூன்று மணி நேரத்துக்கு மரப்பு இருக்கும், அதற்குள் எதையும் தின்னாதீர்கள், தெரியாமல் உதட்டைக் கடித்துவிடுவீர்கள் என்றார் டாக்டர். மாடிப்படியில் இறங்கிப் பாதியில் நின்றுவிட்டேன். கீழே மெடிக்கல் ஷாப்பில் ஆள் கூட்டம். போனை எடுத்தேன். இன்பா சார் எழுந்துவிட்டார், பதில் போட்டிருந்தார், நீளமாக. மேடம், வாழ்த்துகள், எங்கேயோ போயிட்டோம். கமெண்ட் எதையும் பாக்காதீங்க. அந்த மேல் லைன் அன்னிக்கு உங்களுக்கு வரலல்ல, கனி மேடமோட பழைய ரெக்கார்டிங் எல்லாம் என்கிட்ட இருக்கு, அதை வச்சு அவங்க குரலை உருவாக்கிப் போட்டேன். உங்களுக்கு சர்ப்ரைஸா இருக்கட்டும்னு சொல்லல. அவங்களுக்கும் ஒரு கிஃப்ட் மாதிரிதானே, ஆபரேஷனுக்கு அப்புறம் பாட முடியாதவங்க மறுபடி பாடுறாங்க. அழுகிற முகமும் கும்பிடுகிற கையும் போட்டிருந்தார். அவர் கெட்டவர் இல்லை. அதுதான் பயமாக இருந்தது, கெட்டவராக இருந்தால் கோபம் வந்திருக்கும், கோபம் வந்தால் பயம் போய்விடும். படியில் உட்கார்ந்துகொண்டேன். மேலேறி வந்த ஒரு பெரியவர் என்னைத் தாண்டிக்கொண்டு போனார். என்ன செய்வது, அக்காவிடம் என்ன சொல்வது, சொல்லாமல் இருந்தால் என்ன, அவளே கேட்காதவரை நானாக எதற்கு, என்று எண்ணிக்கொண்டிருக்கும்போதே கையில் போன் அதிர்ந்தது. அக்கா. அவள் முகம் திரையில், கோயில் வாசலில் நான் எடுத்த போட்டோ. அடிக்கட்டும், நின்றுவிடும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். நிற்கவில்லை. எடுத்தேன். சாப்ட்டியா என்றாள். பல் டாக்டரிடம் வந்தேன் என்று சொல்லப் பார்த்தேன், அது என்னவோ குழப்பமாக வந்தது, அவளுக்குப் புரிந்துவிட்டது, ஊசி போட்ருக்காகளா, சரி, நீ பேசாத, நான் பேசுறேன் என்றாள். பாட்டைக் கேட்டதைச் சொன்னாள். மச்சானின் அக்கா மகள்தான் முதலில் போட்டுக் காட்டினாளாம், எல்லோரும் கூடி நின்று கேட்டார்களாம், மச்சான் பக்கத்து வீடு வரைக்கும் போய்ச் சொல்லிவிட்டு வந்தாராம். நீ நல்லா பாடியிருக்க என்றாள்.  

"மேல வாரது என் குரல்தான?" என்றாள். "எந்த ஊர்ல பாடினது அது? ராசபாளையத்துலயா, எட்டயபுரத்துலயா? யோசிச்சு யோசிச்சுப் பாக்கேன், நெனப்பே வரமாட்டேங்குது. நான் மாத்திரை சாப்பிடுறதுனால மறதின்னு ஒங்க மச்சான் சொல்றாக."

ராசபாளையம் என்று சொல்லிவிடலாம். அவளே எடுத்துக் கையில் கொடுத்துவிட்டாள். ராசபாளையம்க்கா, மாரியம்மன் கோயில் பொங்கலுக்கு, மெட்டு வேற, சார் வெட்டி ஒட்டிட்டார். அவ்வளவு சொன்னால் போதும். அவள் குரலில் ஒரு வெளிச்சம் இருந்தது, எவ்வளவோ நாள் கழித்து, அதை அணைக்க வேண்டியதில்லை. மரத்த நாக்கோடு ராசபாளையம் என்று சொல்வது கஷ்டம், ஆமா என்று சொன்னால்கூடப் போதும். ஆனால் அவள் யோசித்துக்கொண்டே இருப்பாள். மாத்திரையால் மறந்துவிட்டோம் என்று பயந்து பயந்து, பாடாத ஒரு ராத்திரியைத் தேடிக்கொண்டே இருப்பாள், இன்னும் எதையெல்லாம் மறந்தோம் என்று தேடுவாள். நீ பாடலக்கா என்றேன். அது ஈ ஆடயக்கா என்று வந்தது. என்ன சொல்ற, புரியல என்றாள். பஞ்சைத் துப்பினேன். தொங்குகிற உதட்டை விரலால் தூக்கிப் பிடித்துக்கொண்டு, ஒவ்வோர் எழுத்தாக, நீ, பாடல, என்றேன். அது மெஷின். உன் பழைய பாட்டிலேருந்து உன் குரல எடுத்து அவர் செஞ்சுட்டாரு. எனக்கு அந்த இடம் வரல. எனக்கும் தெரியாதுக்கா, இன்னைக்குத்தான் தெரியும். என்ன சொன்னேன், எவ்வளவு அவளுக்குப் போய்ச் சேர்ந்தது என்று தெரியவில்லை.  அவள் வீட்டுத் தெருவில் யாரோ கோலப்பொடி விற்றுக்கொண்டு போவது கேட்டது, பிறகு அதுவும் தூரமாகிக் கேட்காமல் போனது. வைத்துவிடுவாள். இனிமேல் தண்ணி வராததைப் பற்றிக்கூடப் பேசமாட்டாள்.

"நெனச்சேன்" என்றாள் பிறகு, குரல் இறங்கியிருந்தது. "அவ மூச்சே எடுக்கல பூமாரி. நாலஞ்சு தடவ தனியா வச்சுக் கேட்டேன், எங்கனயாச்சும் எடுப்பாளான்னு. எடுக்கவே இல்ல. நம்ம அப்படியா பாடினோம்னு எனக்குப் பயமாப் போச்சு."

அவள் என்று சொன்னாள். நானும் அந்த அவளைத்தான் நாற்காலியில் படுத்துக்கொண்டு கேட்டேன், மெஷினுக்குள்ளிருந்து வந்து மேலே நின்றுகொண்டு எப்போதும் களைக்காமல் இருக்கப்போகிறவளை. இரண்டு பேரும் அவளுக்குப் பயந்துகொண்டிருந்தோம், அக்கா சாத்தூரில், நான் மாடிப்படியில். நீ எது வரைக்கும் போன என்று அக்கா கேட்டாள். ராசா வரைக்கும் போனேன், வேயில ஒடஞ்சிருச்சு என்றேன். ஒடஞ்சது அவருட்ட இருக்கா? இருக்கும். அதப் போடச் சொல்லு என்றாள். நல்லாருக்காதுக்கா, எல்லாரும் சிரிப்பாங்க, எனக்குப் பயமாருக்கு என்று சொன்னேன், அழுகையில் அதுவும் என்னவோ போல வந்தது, ஆனால் இந்தத் தடவை அவள் திருப்பிச் சொல்லச் சொல்லவில்லை. பயம் இருக்கத்தான் செய்யும், என்றாள். மேல எனக்கே இப்ப எட்டல, ஒனக்கு எட்டாட்டி என்ன. ஆனா அவள அங்க நிக்க வைக்காத. பிறகு வேறு குரலில், மரப்பு விட்டதும் வலி எடுக்கும், மாத்திரைய முன்னாடியே போட்ரு, கஞ்சியாக் குடி என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

இன்பா சார் முதல் ரிங்கிலேயே எடுத்தார். எத்தனை பேர் பார்த்திருக்கிறார்கள் என்று சந்தோஷமாக ஏதோ எண்ணிக்கை சொன்னார், ஒரு பெரிய படக் கம்பெனியிலிருந்து கேட்டிருக்கிறார்கள் என்றார். பாட்டை எடுத்துவிடுங்கள் என்றேன். அவருக்குப் புரியவில்லை. உதட்டைப் பிடித்துக்கொண்டு மறுபடி சொன்னேன், அக்கா குரல் வேண்டாம், என்னுடையதை வைத்துத் திரும்பப் போடுங்கள். புரிந்ததும் அவர் ரொம்ப நேரம் பேசினார், பொறுமையாகத்தான் பேசினார். எடுத்தால் வந்ததெல்லாம் போய்விடும், மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பிக்க வேண்டும், திருட்டு என்று சொன்னது உண்மை என்று ஆகிவிடும், சாயங்காலம் பேட்டியில் அதைத்தான் தோண்டுவார்கள், முதல் பாட்டிலேயே பேர் கெட்டால் இரண்டாவது பாட்டு கிடையாது. ஒவ்வொன்றும் நான் விடிந்ததிலிருந்து பயந்ததுதான், அவர் வரிசையாக எடுத்து வைக்கிறார். எடுங்க சார் என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தேன். கடைசியில் அவர் சலித்துப்போய், நீங்க பாடினதை நீங்களே இன்னும் கேக்கல மேடம், இருங்க, கேட்டுட்டுச் சொல்லுங்க என்று எதையோ தட்டினார். தவில் இல்லை, ஒன்றும் இல்லை, என் குரல் மட்டும், பச்சையாக, கண்ணாடி அறைக்குள்ளிருந்து வந்தது. யாரு கால்ல மிதிபடுதோ. ஏ ராசா. போகிறது, மேலே போகிறது, இப்போது, இதோ இப்போது. உடைந்தது. கேட்க முடியவில்லை, காதிலிருந்து போனை எடுத்துவிடலாம் என்று இருந்தது. கிழிந்துபோய் ஒன்றுமில்லாமல் நின்றாள் ஒருத்தி. பிறகு நெஞ்சு நிறைய மூச்சை இழுக்கிற சத்தம், ஒரு ஆள் பக்கத்தில் இருக்கிற மாதிரி அவ்வளவு கிட்டத்தில், அப்புறம் கீழேயிருந்தே, எப்போதும் நான் பாடுகிற அந்தக் கீழ்ப்பக்கத்திலிருந்தே, மிச்சத்தைப் பாடி முடித்தாள்.

"இதையா போடச் சொல்றீங்க?" என்றார் இன்பா சார்.

 கீழே மெடிக்கல் ஷாப்பில் யாரோ சில்லறை இல்லை என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். இந்தக் குரலைச் சாயங்காலம் எல்லோரும் கேட்பார்கள், எஸ்தரம்மா கேட்பார், அவர் மகள் கேட்பாள், ராசாவே எங்கே போச்சு என்று தேடுவார்கள், சிரிப்பார்கள்.

"ம்" என்றேன்.